'கோதாரின் மனைவி' என்று போட்டால் போதுமா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். போன ஞாயிறு இணைப்பில் பிரெஞ்சு சினிமா இயக்குநர் கோதாரைப் பற்றி வந்த கட்டுரையைப் படித்தேன். கட்டுரையில் பெரிய குறை எதுவும் இல்லை, எழுதியவர் படங்களைப் பார்த்துவிட்டுத்தான் எழுதியிருக்கிறார் என்று தெரிகிறது, இன்றைக்கு அதுவே பெரிய விஷயம். என் வருத்தம் அதோடு போட்டிருந்த படத்தைப் பற்றியது. அரைப் பக்கத்துக்கு வந்திருந்த அந்தப் படத்தில் கோதார் இல்லை, அவர் எடுத்து 1967-ல் வந்த 'லா ஷினுவாஸ்' படத்தின் கதாநாயகி இருக்கிறார். கீழே 'கோதாரின் மனைவியான நடிகை' என்று மட்டும் போட்டிருக்கிறீர்கள். பெயர்கூட இல்லை.

அவர் பெயர் ஆன் வியாசெம்ஸ்கி. கோதாரோடு அவர் சேர்ந்து வாழ்ந்தது சில வருஷங்கள்தான். எழுத்தாளராக இருந்தது 1988-லிருந்து 2017-ல் சாகும் வரை. ஒரு டஜனுக்கு மேல் புத்தகங்கள் எழுதியிருக்கிறார். 1993-ல் பிரான்சின் பெரிய இலக்கியப் பரிசான கோன்கூர் பரிசின் மாணவர் பிரிவு அவருக்குக் கிடைத்தது, அது பள்ளிப் பிள்ளைகளே நாவல்களைப் படித்துத் தேர்ந்தெடுக்கிற பரிசு. 1998-ல் பிரெஞ்சு அகாதெமியின் நாவல் பெரும்பரிசு. அப்படிப்பட்டவரை ஒரு மனிதரின் மனைவி என்று மட்டும் சொல்லிவிட்டுப் போவது எனக்குச் சரியாகப் படவில்லை. 'மனைவி' என்பதிலும் ஒரு சங்கடம் இருக்கிறது. 1967 ஜூலையில் சுவிட்சர்லாந்தில் கல்யாணம், சில வருஷத்தில் பிரிவு, 1979-ல் சட்டப்படி விவாகரத்து. அதற்கப்புறம் முப்பத்தெட்டு வருஷம் அவர் உயிரோடு இருந்தார்.

இதைக் கோபத்தில் எழுதவில்லை. அவருடைய இரண்டு வாழ்க்கையையும், அதாவது திரையில் இருந்ததையும் எழுத்தில் இருந்ததையும், பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஒரு விஷயம் கண்ணில் படுகிறது. அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம், கொஞ்சம் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

1947-ல் பெர்லினில் பிறந்தவர். அப்பா ரஷ்யப் புரட்சியால் நாட்டைவிட்டு ஓடிவந்த ஒரு பிரபு குடும்பத்துப் பிள்ளை, பிரான்சின் வெளியுறவுத் துறையில் வேலை. அம்மா கிளேர், 1952-ல் நோபல் பரிசு வாங்கிய பிரான்சுவா மொரியாக்கின் மகள். அப்பாவின் வேலையால் ஜெனீவா, கராகஸ் என்று ஊர் ஊராக வளர்ந்து கடைசியில் பாரிஸுக்கு வந்து சேர்ந்தார்கள், 1962-ல் அப்பா இறந்துபோனார். அண்ணன் தம்பி என்று சொல்ல ஒருவர்தான், பியேர், 'வியாஸ்' என்ற பெயரில் பத்திரிகைகளில் கார்ட்டூன் போட்டுப் புகழ் பெற்றவர். அப்பா இல்லாத அந்த வீட்டில் எல்லா முடிவுக்கும் தாத்தா மொரியாக்கிடம்தான் போய் நிற்க வேண்டும். கத்தோலிக்கர், ஜனாதிபதி தெ கோலின் ஆதரவாளர், ஊரறிந்த எழுத்தாளர். அப்படிப்பட்ட வீட்டில் ஒரு பெண் சினிமாவில் நடிக்கப் போகிறேன் என்றால் என்ன நடக்கும் என்பது நம் ஊர்க்காரர்களுக்குத் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் தாத்தா சரி என்றுதான் சொன்னார், ஏனென்றால் கூப்பிட்டவர் பெரிய இயக்குநரான ரொபேர் பிரெஸ்ஸோன்.

பிரெஸ்ஸோனிடம் இவரை அறிமுகப்படுத்தியது ஃப்ளோரான்ஸ் தெலே. 1962-ல் பிரெஸ்ஸோனின் படத்தில் ஜான் தார்க்காக (நாம் ஜோன் ஆஃப் ஆர்க் என்கிற வீராங்கனை) நடித்தவர், பிறகு நாவலாசிரியராகி 2000-ல் பிரெஞ்சு அகாதெமிக்கே தேர்வானவர். பிரெஸ்ஸோன் படத்தில் நடித்த இரண்டு பெண்கள் இப்படிப் பேனாவைப் பிடித்தது தற்செயலா இல்லையா என்று என்னால் சொல்ல முடியாது, ஆனால் அவர் நடிகர்களை நடத்திய விதம் தெரிந்தால் சந்தேகம் வரத்தான் செய்யும். அவருக்கு நடிப்பே ஆகாது. நடிகர் என்று சொல்ல மாட்டார், மாடல் என்பார். வசனத்தைத் திரும்பத் திரும்பச் சொல்ல வைப்பார், சொல்லிச் சொல்லி அதிலிருந்து உணர்ச்சி எல்லாம் வடிந்து வெறும் குரல் மட்டும் மிஞ்சும்போதுதான் எடுப்பார்.

1965 கோடையில் 'ஓ அசார் பல்தஸார்' படப்பிடிப்பு. ஒரு கழுதை கைமாறிக் கைமாறி எத்தனையோ பேரிடம் அடி வாங்கிச் சாகிற கதை, அதைக் குட்டியிலிருந்து நேசிக்கிற மரி என்ற பெண்ணாக ஆன். அப்போது வயது 18. கழுதைக்கும் பயிற்சி கிடையாது, வேண்டுமென்றே பழக்காத கழுதையாகப் பிடித்து வந்திருந்தார் பிரெஸ்ஸோன், அதனால் சர்க்கஸில் அது கணக்குப் போடுகிற காட்சிக்கு மட்டும் அதைப் பழக்க இரண்டு மாசம் காத்திருக்க வேண்டியதாயிற்று. அந்தப் படத்தில் ஒரு காட்சி உண்டு, பார்த்தவர்களுக்கு ஞாபகம் இருக்கும். மழையில் நனைந்து போய் மரி ஒரு கஞ்சப் பிசினாறியான தானிய வியாபாரியின் வீட்டுக் கதவைத் தட்டுகிறாள், உள்ளே வந்து பசியில் ஜாம் பாட்டிலை எடுத்துக் கரண்டியால் அள்ளி அள்ளித் தின்கிறாள். எதிரே அந்தக் கிழவன் பேசிக்கொண்டே இருக்கிறான். அவள் முகத்தில் ஒன்றுமே இல்லை, கரண்டி மட்டும் போய்ப் போய் வருகிறது. (அந்த வியாபாரியாக நடித்த பியேர் குளோசோவ்ஸ்கியும் பெரிய எழுத்தாளர், தத்துவவாதி. அந்தப் படப்பிடிப்பில் எழுத்தாளர் கூட்டம் கொஞ்சம் அதிகம்தான்.)

அடுத்து கோதார். 1966-ல் அவர் எடுத்த ஒரு படத்தைப் பார்த்துவிட்டு ஆன் அவருக்கு ஒரு கடிதம் போட்டார், படத்தையும் பிடித்திருக்கிறது, எடுத்தவரையும் பிடித்திருக்கிறது என்று. அவர் இவரைத் தேடி வந்துவிட்டார். அவருக்கு 35 வயது, இவருக்கு 19. அப்போது பிரான்சில் மேஜர் ஆவதே 21-ல்தான், ஆகவே கல்யாணத்துக்குத் தாத்தாவிடம் போய் முறையாகப் பெண் கேட்க வேண்டியிருந்தது. உலக சினிமாவைத் தலைகீழாகப் புரட்டிக்கொண்டிருந்த மனிதர் ஒரு கத்தோலிக்கப் பெரியவர் முன்னால் மாப்பிள்ளையாகப் போய் உட்கார்ந்திருப்பதை நினைத்தாலே சிரிப்பு வருகிறது.

'லா ஷினுவாஸ்' அவர்கள் குடியிருந்த பாரிஸ் வீட்டிலேயே எடுக்கப்பட்டது. மாவோவைக் கரைத்துக் குடித்த மாணவர்கள் ஒரு கோடை முழுக்க ஒரு ஃபிளாட்டில் அடைந்துகொண்டு புரட்சிக்குத் திட்டம் போடும் கதை. அதில் எல்லாராலும் பேசப்படுகிற ஒரு காட்சி ரயிலில் நடக்கிறது. ஆன் நடித்த வெரோனிக், பிரான்சிஸ் ழான்சோனுக்கு எதிரே உட்கார்ந்து பல்கலைக்கழகங்களுக்குக் குண்டு வைக்க வேண்டும் என்று வாதாடுகிறாள். ழான்சோன் நடிகர் இல்லை, நிஜமாகவே அல்ஜீரிய விடுதலைப் போராளிகளுக்கு பிரான்சுக்குள் இருந்து உதவி செய்த தத்துவவாதி, பள்ளி இறுதித் தேர்வுக்காக ஆன் அவரிடம்தான் தத்துவம் டியூஷன் படித்தார். ஆசிரியரும் மாணவியும் எதிரெதிரே உட்கார்ந்திருக்கிறார்கள், பேச்சு நிஜம்போல இருக்கிறது. ஆனால் அந்தப் பெண்ணின் காதில் ஒரு சின்னக் கருவி இருந்தது, கேமராவுக்குப் பின்னாலிருந்து கோதார் ஒவ்வொரு வரியாகச் சொல்லச் சொல்ல அவர் அதைத் திருப்பிச் சொன்னார். தீவிரமான மாணவப் பெண் என்று உலகமே பார்த்தது அவருடைய வாயிலிருந்து வந்த கோதாரின் பேச்சைத்தான்.

1968-ல் ரோலிங் ஸ்டோன்ஸ் என்ற ஆங்கில இசைக்குழுவை வைத்துக் கோதார் லண்டனில் எடுத்த 'ஒன் பிளஸ் ஒன்' படத்தில் இவருக்குக் கொடுத்த பாத்திரத்தின் பெயர் ஈவ் டெமாக்ரசி. காட்டுக்குள் நடந்துகொண்டே இருப்பார், ஒரு படக்குழு பின்னாலேயே வந்து அரசியல், கலை, கலாசாரம் என்று நீட்டி நீட்டிக் கேள்வி கேட்கும், அவர் ஆமாம் என்றோ இல்லை என்றோ மட்டும் பதில் சொல்வார். அதே வருஷம் இத்தாலியில் இயக்குநர் பஸோலினியின் 'தியோரமா'. அதில் ஒரு முதலாளி வீட்டுப் பெண். வீட்டுக்கு வந்த விருந்தாளி போன பிறகு கையை இறுக்க மூடிக்கொண்டு கட்டிலில் விறைத்துப் படுத்துவிடுகிறாள், ஒரு வார்த்தை பேச மாட்டாள், கடைசியில் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு போகிறார்கள்.

பிரெஸ்ஸோன், கோதார், பஸோலினி. மூன்று பேரும் மேதைகள், அதில் எனக்கு எந்தச் சந்தேகமும் இல்லை, 'பல்தஸார்' என் வாழ்நாளில் பார்த்த நல்ல படங்களில் ஒன்று. ஆனால் வரிசையாகப் பாருங்கள். ஒருவர் குரலிலிருந்து உணர்ச்சியை எடுத்தார், அடுத்தவர் வசனத்தைக் காதில் ஓதினார், அப்புறம் ஆமாம் இல்லை என்பதோடு நிறுத்தினார், மூன்றாமவர் கட்டிலில் படுக்க வைத்துப் பேச்சையே நிறுத்திவிட்டார். அறுபதுகளின் ஐரோப்பிய சினிமாவில் அத்தனை பேரும் பார்த்த முகம், அந்த முகத்துக்குச் சொந்தமாகப் பேச ஏதாவது இருந்ததா என்று யாருக்கும் கேட்கத் தோன்றவில்லை.

பேச நிறைய இருந்தது என்பது நாற்பது வயதுக்கு மேல்தான் தெரிந்தது. எழுபதுகளில் சினிமா வாய்ப்புகள் குறைந்தன, நாடகத்தில் நடித்தார், இயக்குநர் ஃபிலிப் கரேலின் 'ரகசியக் குழந்தை' என்ற படத்தில் நடித்தார், அது அவருடைய நல்ல நடிப்பு என்று நான் சொல்வேன், ஆனால் பலர் பார்த்திருக்க மாட்டார்கள். 1988-ல் முதல் புத்தகம், சிறுகதைத் தொகுப்பு. அப்புறம் நிறுத்தவே இல்லை. 1993-ல் மாணவர்கள் பரிசு கொடுத்த நாவலின் களம் நாடக உலகம். 1998-ல் அகாதெமி பரிசு வாங்கிய நாவல், அப்பா வழி ரஷ்யக் குடும்பத்தைப் பற்றியது, 1917-ல் புரட்சி வந்தபோது தங்கள் பண்ணையில் ஒன்றாகக் கூடியிருந்த கொஞ்சம் மனிதர்கள், ஒரு நாட்குறிப்பு, ஒரு கொலை. சினிமாக்காரி என்பதற்காகக் கொடுத்த பரிசு இல்லை அது. அந்த நாவலில் சினிமாவே கிடையாது.

இங்கே இன்னொரு நடிகையையும் நினைத்துக்கொள்கிறேன். சிமோன் சிஞ்ஞோரே 1976-ல் தன் சுயசரிதையை வெளியிட்டபோது, இது நீங்களே எழுதியதுதானா என்று கேட்டவர்கள் இருந்தார்கள். ஒன்பது வருஷம் கழித்து, பாரிஸில் குடியேறிய யூதக் குடும்பங்களைப் பற்றிப் பெரிய நாவல் ஒன்றை எழுதிக் கையில் கொடுத்தார், அந்த வருஷமே இறந்தும் போனார். நடிகை எழுதினால் பின்னால் யாரோ ஆண் இருக்கிறார் என்று நினைப்பது அங்கேயும் உண்டு, இங்கேயும் உண்டு.

சரி, ஆன் வியாசெம்ஸ்கிக்கு வருகிறேன். தன்னைப் படமெடுத்தவர்களைப் பற்றி எழுத அவர் எவ்வளவு காலம் காத்திருந்தார் என்று பாருங்கள். பிரெஸ்ஸோனைப் பற்றிய 'இளம்பெண்' நாவல் 2007-ல்தான் வந்தது, படப்பிடிப்பு நடந்து நாற்பது வருஷத்துக்கு மேல் ஆகிவிட்டது, பிரெஸ்ஸோனும் 1999-ல் இறந்துவிட்டார். அட்டையில் நாவல் என்றுதான் இருக்கும், உள்ளே எல்லாருக்கும் நிஜப் பெயர். படப்பிடிப்பு நடந்த கிராமத்தில் இயக்குநரும் அந்தப் பெண்ணும் ஒரே வீட்டில் தங்குகிறார்கள், அடுத்தடுத்த அறை. சாயங்காலம் கையைப் பிடித்துக்கொண்டு நடக்கக் கூட்டிப் போவார், மற்றவர்களோடு அதிகம் பேச விட மாட்டார், முத்தமிட வருவார், அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டால் விலகுவார், மறுபடியும் வருவார். ஒரு நாள் படக்குழுவில் இருந்த ஓர் இளைஞனோடு அவளுக்கு உறவு ஏற்படுகிறது, அதற்குப் பிறகுதான் பெரியவரிடம் முடியாது என்று சொல்ல அவளுக்குத் தெம்பு வருகிறது.

இந்த நாவலைப் பழி வாங்கும் நாவல் என்று சிலர் நினைக்கலாம். படித்தால் அப்படித் தோன்றாது. அந்த வயதான மனிதரின் மேல் அவளுக்கு இருந்த மரியாதை, அவர் சொல்லிக் கொடுத்தது, அவர் முகம் வாடினால் இவளுக்கு ஏற்படும் சங்கடம், அவர் தன்னை மட்டும் கவனிக்கிறார் என்பதில் உள்ளுக்குள் ஒரு பெருமை, எல்லாமே அதில் இருக்கிறது. எதையும் மறைக்கவில்லை, எதற்கும் நீதிபதியாக உட்காரவும் இல்லை. ஒரு மேதை ஒரு சின்னப் பெண்ணைத் தொல்லை செய்தார் என்று ஒரு வரியில் எழுதிவிடலாம், அதற்கு நாவல் தேவையில்லை. அந்தத் தொல்லைக்கும் பாசத்துக்கும் நடுவில் 18 வயதில் ஒருத்தி எப்படி நின்றாள், அதிலிருந்து எப்படித் தானாகவே வெளியே வந்தாள் என்பதைச் சொல்ல அவளே வர வேண்டியிருந்தது. இந்த நாவலைப் படித்த பிறகு அந்த ஜாம் பாட்டில் காட்சியைப் பார்த்தால் அவள் முகத்தில் ஒன்றும் இல்லை என்று சொல்ல வரவில்லை எனக்கு.

பிரெஸ்ஸோனை அவர் அதற்கு முன்பே ஒதுக்கிவிடவும் இல்லை, போர்க்காலத்தில் பிரெஸ்ஸோன் எடுத்த முதல் முழுநீளப் படம் உருவான கதையை ஓர் ஆவணப்படமாக எடுத்தவரும் இவர்தான்.

கோதாரைப் பற்றி இரண்டு புத்தகங்கள், 2012-லும் 2015-லும். முதலாவது காதல், பரீட்சை, தாத்தா, கல்யாணம். இரண்டாவது பாரிஸில் மாணவர் கிளர்ச்சி வெடித்த 1968 மே மாசமும் அதற்குப் பிறகான சரிவும். கோதார் அப்போது உயிரோடு இருந்தார் (2022-ல்தான் இறந்தார்). என் அபிப்பிராயத்தில் இந்த இரண்டும் 'இளம்பெண்' அளவுக்கு இல்லை. வேகமாக எழுதிய மாதிரி இருக்கும், பெரிய பெயர்கள் அடிக்கடி வந்து தலைகாட்டிவிட்டுப் போகும், சில பக்கங்களில் வம்பு பேசுகிற சுவைதான் தூக்கலாக இருக்கும். ஆனால் கோதாரைப் பற்றி நீங்கள் எந்தத் தமிழ்க் கட்டுரையிலும் படிக்க முடியாத கோதார் இதில்தான் கிடைப்பார். பூப்போல நடத்துகிறவர், திடீரென்று எரிந்து விழுகிறவர். பாரிஸில் மாணவர்கள் வாழ்ந்த பகுதியில், சேன் ழாக் தெருவில் இவர்கள் வீடு, வாசலை விட்டு இறங்கினால் ஆர்ப்பாட்டம், கண்ணீர்ப்புகை. கூட்டத்தில் அவருடைய மூக்குக்கண்ணாடி உடையும். ஒரு நாள் வரை ரசித்த நண்பர்களின் படங்களை மறுநாள் முதலாளித்துவக் குப்பை என்பார், பிறகு தன் படங்களையும் அப்படியே சொல்வார். மனைவி இத்தாலிக்கு வேறொருவர் படத்தில் நடிக்கப் போனால் பொறாமையில் வெந்துபோவார். கேமராவுக்கு இந்தப் பக்கம் இருந்தவரின் வீட்டு முகத்தைக் கேமராவுக்கு அந்தப் பக்கம் இருந்த பெண் எழுதிவிட்டார்.

இந்த இரண்டாவது புத்தகத்தை மிஷேல் அசனாவிசியுஸ் படமாக்கி 2017 மே மாசம் கான் திரைப்பட விழாவில் திரையிட்டார். ஆன் முதலில் அனுமதி கொடுக்கவில்லையாம். அசனாவிசியுஸ் தொலைபேசியில் விடைபெறுகிற நேரத்தில், பரவாயில்லை, எனக்கு இந்தப் புத்தகம் ரொம்பச் சிரிப்பாக இருந்தது, அதுதான் வருத்தம் என்று சொல்ல, உடனே ஆன் மனசை மாற்றிக்கொண்டாராம். இதில் சிரிப்பு இருக்கிறது என்று வேறு யாருமே அவரிடம் சொல்லவில்லையாம். அந்தப் படத்தில் கோதாராக நடித்த லூயி கரேல், முன்னே சொன்ன ஃபிலிப் கரேலின் மகன். படம் பிரான்சில் செப்டம்பரில் வெளியானது, அக்டோபர் 5-ஆம் தேதி ஆன் புற்றுநோயால் இறந்தார். 70 வயது.

அந்த வருஷத் தொடக்கத்தில் வந்ததுதான் அவருடைய கடைசிப் புத்தகம். அது எந்த இயக்குநரைப் பற்றியும் இல்லை, கராகஸில் பள்ளிக்கூடத்தில் அவருக்கு இலக்கியம் சொல்லிக்கொடுத்து, நீ எழுத வேண்டும் என்று சின்ன வயதிலேயே சொன்ன ஒரு பாதிரியாரைப் பற்றியது. நோபல் வாங்கிய தாத்தா, மூன்று உலகப் புகழ் இயக்குநர்கள் என்று இத்தனை பேர் சுற்றி இருந்தும், கடைசிப் புத்தகத்தை அவர் கொடுத்தது அந்த ஆசிரியருக்கு.

இனி என் வேண்டுகோள். பிரெஞ்சிலிருந்து நேரடியாகத் தமிழுக்கு நல்ல மொழிபெயர்ப்புகள் வந்த மரபு நமக்கு இருக்கிறது. காம்யுவின் 'அந்நிய'னை வெ. ஸ்ரீராமும், 'குட்டி இளவரச'னை அவரும் புதுச்சேரியைச் சேர்ந்த பேராசிரியர் ச. மதனகல்யாணியும் சேர்ந்தும் தமிழுக்குக் கொண்டுவந்தார்கள். அந்த வரிசையில் ஆன் வியாசெம்ஸ்கிக்கும் இடம் வேண்டும். கோதாரின் பெயரால் விற்கும் என்று நினைத்து அந்த இரண்டு புத்தகங்களில் ஒன்றை யாராவது எடுப்பார்களோ என்றுதான் பயமாக இருக்கிறது. தயவுசெய்து 'இளம்பெண்'ணிலிருந்து ஆரம்பிக்கட்டும். சின்ன நாவல், மொழியும் சிடுக்கில்லாத மொழி, அகராதியை வைத்துக்கொண்டு மெல்லப் படிக்கிற என்னாலேயே படிக்க முடிந்திருக்கிறது. எங்கள் ஊரில் பிரெஞ்சு சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றவர்கள் எத்தனையோ பேர் இருக்கிறார்கள், கேட்டால் வருவார்கள். உங்கள் ஞாயிறு இணைப்பில் ஒரு அத்தியாயமாவது போட முடியுமானால் நன்றாக இருக்கும், ஆனால் அவர் புத்தகத்தை வெளியிட்ட கலிமார் பதிப்பகத்திடம் உரிமையை முறையாகக் கேட்டு வாங்கிவிட்டுப் போடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
புதுச்சேரி